எதையும் பிரிக்காத ஒரு கோடு

அல்ஃபோன்சின் ஓப்ரனின் இரண்டு கைகளும் முழங்கை வரை சாணிக் கரைசலுக்குள் இருந்தன. தொழுவத்து வாசலில் முக்காலியைப் போட்டு உட்கார்ந்து, வாளித் தண்ணீரில் கிடந்த ஓக் கன்றுகளை ஒவ்வொன்றாக எடுத்தார். அடிபட்ட வேர் நுனிகளைக் கத்தரியால் நறுக்கினார். பிறகு பசுஞ்சாணமும் களிமண்ணும் தண்ணீரும் குழைத்து வைத்திருந்த தொட்டியில் வேரை முக்கி, தலைக்கு எண்ணெய் தேய்ப்பது போல விரல்களால் கோதிவிட்டார். வேர் வெளிக்காற்றில் காயாமல் இருக்க எங்கள் பக்கத்தில் எல்லோரும் செய்வதுதான். ஆனால் எண்பது வயதில், இடுப்பு எலும்பு மாற்றிய ஒருவர் குளிர்காலக் கடைசியில் செய்யவேண்டிய வேலை அல்ல.

நான் துண்டும் சோப்புமாகப் பின்னால் நின்றேன். அவரைக் குளிப்பாட்டி, காலுக்கு அழுத்தப் பட்டை சுற்றிவிட்டு, அடுத்த வீட்டுக்குப் போகவேண்டும். வீடு வீடாகப் போய் முதியவர்களைப் பார்த்துக்கொள்வதுதான் அந்த நாட்களில் என் வேலை.

"குளிக்கலாமா, மதாம் ஓப்ரன்?"

"முதல்ல இதுங்க குளிச்சு முடிக்கட்டும்."

"வெந்நி ஆறிடும்."

"ஆறினா திரும்பச் சுட வை, ஓடில். அதுக்குத்தானே உனக்குச் சம்பளம்."

"உங்க நகத்துல இருக்கிறதை எடுக்க யாரும் எனக்குச் சம்பளம் தரல."

"அப்ப அதை எடுக்காதே. சாணி யாரையும் கொன்னதில்ல."

மறுபடி அடுத்த கன்றை எடுத்தார். ஒரு டஜன் கன்றுகள் இருந்தன. அவற்றில் ஒன்றுகூட அவருடைய பண்ணைக்காக அல்ல. நாட்டுக்காக. இரண்டாயிரமாவது ஆண்டுக்காக, வடகடலோரத்து டன்கிர்க்கிலிருந்து ஸ்பெயின் மலை வரை, பாரிஸ் தீர்க்கரேகை போகும் ஊர்களிலெல்லாம் மரம் நட்டார்கள். அந்த ரேகை பிரான்சின் நடுவே இருக்கும் பெரிப் பகுதியில் எங்கள் ஊருக்குள் நுழைந்து, அல்ஃபோன்சினின் லா குர்தியேர் பண்ணையின் பெரிய புல்வெளியைக் குறுக்கே கடந்து போகிறது என்பது முந்தின இலையுதிர் காலத்தில்தான் எங்களுக்குத் தெரிய வந்தது.

அதைச் சொல்ல வந்தவள் காட்டிலாகாவிலிருந்து வந்த ஓர் இளம்பெண். கையில் செயற்கைக்கோள் பார்த்து இடம் சொல்லும் கருவி. புல்வெளியில் முன்னும் பின்னும் நடந்து, ஒரு இடத்தில் நின்று, முதல் சிவப்பு முளைக்குச்சியை அடித்தாள். அல்ஃபோன்சின் வாக்கரைத் தள்ளிக்கொண்டு அந்தக் குச்சிவரை போனார். விழுந்துவிடுவார் என்று நானும் பின்னால் போனேன்.

"இங்கதான் போகுதுங்க, மதாம்."

"எது?"

"தீர்க்கரேகை."

"நான் ஒண்ணும் பாக்கலியே."

"கண்ணுக்குத் தெரியாதுங்க. அதுக்குத்தான் மரம் வைக்கிறோம்."

"எத்தனை வருஷமா போகுது?"

"முந்நூறு வருஷத்துக்கு மேல இருக்கும்."

"என் நிலத்துல இத்தனை வருஷமா ஒண்ணு போகுது, என்கிட்ட யாரும் ஒரு வார்த்தை சொல்லல." சற்றுத் தள்ளி மேய்ந்துகொண்டிருந்த வெள்ளை மாட்டை வாக்கரால் சுட்டிக் காட்டினார். "அதோ அது மேலயும் போகுதா?"

அந்தப் பெண் நல்லவள். கருவியை எடுத்துக்கொண்டு மாட்டிடம் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். "வயித்து நடுவுல போகுதுங்க. தலை கிழக்குப் பக்கம்."

"புத்தியுள்ள மாடு. ஊத்து இருக்கிற பக்கமாத் தலையை வெச்சிருக்கு." பிறகு அல்ஃபோன்சினின் குரல் மாறியது. "சரி, இந்தப் பக்கம் யாரோடது, அந்தப் பக்கம் யாரோடது?"

"ரெண்டு பக்கமும் உங்களோடதுதானே."

"அப்ப எதுக்குக் கோடு?"

"பூமியை அளக்கறதுக்குங்க. இந்தக் கோட்டை அளந்து, அதுலேர்ந்துதான் மீட்டர்னு ஒண்ணையே உண்டாக்கினாங்க."

அல்ஃபோன்சின் புல்லைப் பார்த்துக்கொண்டு நின்றார். கிணற்றுக்குள் பார்ப்பது போலப் பார்த்தார். "இங்கேர்ந்து வளையாம நேரா வடக்கே நடந்தா எங்க போய் நிப்பேன்?"

"டன்கிர்க் கடற்கரையில."

"என் புருஷன் ரொஜேவை ஜெர்மன்காரன் அங்கதான் பிடிச்சான். நாப்பதாம் வருஷ யுத்தத்துல. ஊர்ல யாருக்கும் அது எங்க இருக்குன்னு தெரியல. என் புல்வெளிக் கடைசியிலதான் இருந்திருக்கு."

அன்றே சம்மதித்துவிட்டார். சம்மதித்ததை மகனிடமும் மகளிடமும் பிறகுதான் சொன்னார். ஊரில் பலருக்கு ஆச்சரியம். ஏனென்றால் அல்ஃபோன்சினின் வாழ்க்கையே அந்தப் புல்வெளியில் நின்ற ஒரு மரவரிசையோடு போட்ட சண்டைதான்.

இதை அவர் வாயால் சொல்லும் முன்பே நான் அவர் உடம்பில் பார்த்தேன். முதல் நாள் குளிப்பாட்டும்போதே கவனித்தேன், வலது தோள் இடது தோளைவிடத் தாழ்ந்திருந்தது. முதுகெலும்பும் அதற்கேற்றபடி வளைந்திருந்தது. சின்ன வயதில் கனம் தூக்கியவர்களுக்கு அப்படி இருக்கும். "என்ன தூக்கினீங்க?" என்று கேட்டேன். "தண்ணி" என்றார்.

அவருடைய தாத்தா இறந்தபோது புல்வெளி இரண்டாகப் பிரிந்தது. அல்ஃபோன்சினின் அப்பா கொத்தனார். மாடு கிடையாது. சாலை ஓரமாக இருந்த மேற்குப் பாதி போதும் என்று வாங்கிக்கொண்டார். ஊற்று இருந்த கிழக்குப் பாதி சித்தப்பாவுக்குப் போனது. நடுவில் மரம் நட்டார்கள். எங்கள் பக்கத்தில் வரிசையாக மரம் நின்றால் அதற்கு ஒரே அர்த்தம்தான், இது வரை என்னுடையது, அங்கிருந்து உன்னுடையது. சில வருஷம் கழித்து அப்பாவுக்குக் கொத்தனார் வேலை குறைந்தது. மாடு வாங்கினார். மாட்டுக்குத் தண்ணீர் வேண்டியிருந்தது. சித்தப்பா ஊற்றுப் பக்கத்துக் கேட்டைப் பூட்டினார். பிறகு அல்ஃபோன்சின் ஆற்றிலிருந்து வாளியில் தண்ணீர் சுமந்தார், கல்யாணம் ஆகும்வரை.

கல்யாணத்துக்குப் பிறகு அவரும் ரொஜேவும் பல வருஷம் காத்திருந்து, சித்தப்பாவின் பிள்ளைகளிடமிருந்து அந்தக் கிழக்குப் பாதியை வாங்கினார்கள். அந்தக் குளிர்காலம் முழுவதும் மரவரிசையை வெட்டினார்கள். அடிக்கட்டைகளைத் தோண்டி எடுத்து எரித்தார்கள். பிறகு மாடுகள் புல்வெளி முழுக்க நடந்து ஊற்றில் தண்ணீர் குடித்தன. அல்ஃபோன்சினைக் கேட்டால் வாழ்க்கையில் செய்தது அதுதான் என்பார். இரண்டு பிள்ளைகள் பெற்றதை இரண்டாவதாகச் சொல்வார்.

அப்படிப்பட்டவர் அதே புல்வெளியில் மரம் வைக்கச் சம்மதித்தார். மேயரிடம் ஒரு நிபந்தனை போட்டார். வேலி கூடாது, கம்பி கூடாது, குழியில் சாட்சி ஓடு கூடாது.

சாட்சி ஓடு என்றால் எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும். எல்லைக்கல் நடும்போது ஒரு கூரை ஓட்டை உடைத்து, துண்டுகளைக் கல்லுக்கு அடியில் புதைப்பார்கள். நாளைக்கு வழக்கு வந்தால் கல்லைத் தோண்டுவார்கள். துண்டுகள் ஒன்றோடொன்று பொருந்தினால் அது எல்லை. பொருந்தாவிட்டால் வெறும் கல்.

நவம்பரில் நடுவதாக இருந்தது. கன்றுகள் வரத் தாமதம். கிறிஸ்துமஸுக்கு மறுநாள் அடித்த புயலில் நாட்டில் பாதிக் காடு விழுந்தது. லா குர்தியேரில் தொழுவக் கூரையின் ஒரு பக்கம் முழுதும் ஓடுகளாகக் கீழே கொட்டியது. ஜில்பேர், அதாவது பண்ணையை நடத்தும் மகன், அவற்றைப் புல்வெளி கேட்டுக்குப் பக்கத்தில் குவித்துப் போட்டான். மார்ச்சில் கன்றுகள் வந்தன.

இப்படித்தான் அந்தக் காலையில் அல்ஃபோன்சின் சாணிக் கரைசலோடு உட்கார்ந்திருந்தார். கன்றுகளைக் குளிப்பாட்டியபின் அவரைக் குளிப்பாட்டினேன். நகத்தில் இருந்தது போகவில்லை.

குழி தோண்டியவர் ஃபெர்னான். சாலை பராமரிப்பு வேலையில் இருந்து ஓய்வுபெற்றவர், அல்ஃபோன்சினைவிட ஐந்தாறு வயது சிறியவர், அவரை வம்புக்கு இழுப்பதையே பொழுதுபோக்காக வைத்திருப்பவர். நடும்போது மேயர் நாலு வார்த்தை பேசினார். ஜூலையில் இந்தக் கோடு நெடுக நாடே சேர்ந்து மேஜை விரித்துச் சாப்பிடப் போகிறது என்றார். "நம்ம பங்குக்கு எவ்வளவு மேஜைவிரிப்பு?" என்று ஃபெர்னான் கேட்டார். எல்லோரும் ஆளுக்கொரு கன்றைப் பிடித்தார்கள், ஃபெர்னான் மண் தள்ளினார், மேயர் வேறு ஊருக்குக் கிளம்பினார்.

மத்தியானம் வீட்டில் சாப்பாடு. பச்சைப் பயறும் சாஸேஜும், உருளைக்கிழங்கில் சுட்ட கலெத் அடையும், ஆட்டுப்பால் சீஸும். மகள் ஜோஸியான் பூர்ழ் நகரத்திலிருந்து காரில் வந்திருந்தாள். ஃபெர்னானையும் என்னையும் உட்காரச் சொன்னார்கள். அன்றைக்கு மத்தியானத்துக்கு மேல் எனக்கு வேறு வீடு இல்லை.

சீஸ் வரும்போது ஜில்பேர் ஜன்னல் வழியே பார்த்தான். ஊற்றுக்குப் பக்கத்துக் கன்று சாய்ந்திருந்தது. மாடு உரசியிருக்கும். "நிமித்திட்டு வர்றேன்" என்று எழுந்து போனான்.

திரும்பி வந்தவன் உட்காரவில்லை. களிமண் ஒட்டிய இரண்டு ஓட்டுத்துண்டுகளை மேஜையில், ரொட்டிக்குப் பக்கத்தில் வைத்தான். ஒன்றை இன்னொன்றோடு நகர்த்திச் சேர்த்தான். உடைந்த விளிம்புகள் இடைவெளி இல்லாமல் பொருந்தின.

எல்லோரும் குனிந்து பார்த்தோம். ஃபெர்னான் மட்டும் மென்றுகொண்டிருந்தார்.

"எங்க இருந்துச்சு?" என்று அல்ஃபோன்சின் கேட்டார்.

"வேருக்கு அடியில."

ஜோஸியான் அண்ணனைப் பார்த்தாள். "யார் வைக்கச் சொன்னது?"

"என்னை ஏன் பாக்கிற? நான் காலையில தீவனம் போட்டுட்டிருந்தேன்."

"ஊத்து இருக்கிற பக்கம் உன் தொழுவம்தானே இருக்கு. கேட்டேன், அவ்வளவுதான்."

"நேரா பேசு, ஜோஸியான். என் சாப்பாட்டு மேஜையில சுத்தி வளைக்காதே."

"அம்மா சாப்பாட்டு மேஜை இது."

ஃபெர்னான் வாயில் இருந்ததை விழுங்கினார். "நான்தான் வெச்சேன்" என்றார். "யாரும் சொல்லல. அங்க தோண்டத் தோண்டத் தண்ணி ஊறுது. ஓக் காலு ஈரத்துல நிக்காது. வாழ்நாள் பூரா ரோட்டுக்கு அடியில உடைஞ்ச கல்லு போட்டவன் நான். குழியைப் பாத்தா கை தானா போகுது. கேட்டுக்குப் பக்கத்துல ஓடு கிடந்துச்சு."

"எல்லாக் குழியிலயுமா?"

"எல்லாக் குழியிலயும்தான். குழிக்கு ஒரு ஓடு. மண்வெட்டிப் பின்பக்கத்தால ஒரு போடு, மேல கொஞ்சம் மண்ணு."

"அப்ப எல்லாமே பொருந்தும்" என்றான் ஜில்பேர்.

"பொருந்தாம? ஒரே ஓடுதானேடா."

"என் வாழ்க்கையில நான் கேட்ட ஒரே விஷயம், ஃபெர்னான்" என்றார் அல்ஃபோன்சின்.

"தெரியும், ஃபோன்சின். இப்பதான் ஞாபகம் வருது."

"அறுபது வருஷமா உனக்கு எல்லாமே இப்பதான் ஞாபகம் வருது."

"ஒரு காகிதத்துல எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தர்றேன். தண்ணி வடியறதுக்காக மட்டும்னு."

"சண்டை வர்ற காலத்துல நீ எங்க இருப்பே? உன் கையெழுத்தை யார் அடையாளம் காட்டுவாங்க?"

அவர் சொன்னது சரி. மரம் முப்பது வருஷம் நின்றால், ஃபெர்னானும் அல்ஃபோன்சினும் போனபின், அங்கே தோண்டிப் பார்க்கிறவனுக்கு ஒரே பதில்தான் கிடைக்கும். இங்கே யாரோ பிரித்திருக்கிறார்கள்.

நான் தட்டுகளை எடுக்க எழுந்தேன். அப்போதுதான் எனக்கு ஆச்சரியம் தந்த ஒன்று நடந்தது. ஜோஸியான் மேஜையில் இருந்த துண்டுகளைத் தன் பக்கம் இழுத்து, பிரித்து, மறுபடி பொருத்திப் பார்த்தாள். குரலில் கோபம் போய்விட்டிருந்தது.

"யோசிச்சுப் பாத்தா, கோடு ஒண்ணும் மோசமாப் போகல" என்றாள். "மேற்குப் பக்கம் ரோடு இருக்கு. எனக்கு அதுதான் வேணும். என் பையன் ஒரு வீடு கட்டுவான். என்கிட்ட மாடா இருக்கு? ஊத்தை வெச்சு நான் என்ன பண்றது?"

ஜில்பேர் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தான். தங்கையைச் சந்தேகமாகப் பார்த்தான், பிறகு சந்தேகம் இல்லாமல் பார்த்தான். "எனக்குத் தண்ணி போதும். ரோடு வேண்டாம்."

"பாத்தீங்களாம்மா. சண்டையே இல்ல."

"நாம ரெண்டு பேரும் ஒத்துப்போய் எத்தனை வருஷம் ஆச்சு?" என்று ஜில்பேர் சிரித்தான்.

"மரம் இருக்கட்டும். ஓடும் இருக்கட்டும். சர்வேயருக்குக் குடுக்கிற செலவு மிச்சம்" என்றாள் ஜோஸியான்.

அவர்கள் இருவரும் ஒரே பக்கம் பேசியதை நான் அந்த வீட்டில் அதற்கு முன் கேட்டதில்லை. ஃபெர்னான்கூட நிம்மதியாகச் சீஸை இன்னொரு துண்டு வெட்டினார். அல்ஃபோன்சினை மட்டும் பார்த்தேன். அவருடைய இடது கை வலது தோளைப் பிடித்திருந்தது. வலிக்கும்போது செய்வது அதுதான், ஆனால் அன்று காலை வலி இல்லை என்றுதான் சொன்னார்.

"எங்க அப்பாவும் இதையேதான் சொன்னார்" என்றார். சத்தமாகப் பேசவில்லை. "என்கிட்ட மாடா இருக்கு, எனக்கு எதுக்குத் தண்ணின்னு. சித்தப்பாவும் சிரிச்சார். சண்டையே இல்ல. ரெண்டு பேரும் கட்டிப்பிடிச்சுக்கிட்டு மரம் நட்டாங்க."

"அது அந்தக் காலம், அம்மா. இப்ப குழாய்ல தண்ணி வருது" என்றான் ஜில்பேர்.

"குழாய் வருது. என் தோளு போயிடுச்சு."

"உங்களுக்குப் பிறகு எப்படியும் பிரிக்கத்தானே போறோம்" என்றாள் ஜோஸியான். கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை. உண்மையைச் சொன்னாள்.

"பிரிச்சுக்குங்க. நான் செத்தப்புறம் பத்திரம் எழுதற நோட்டரி முன்னாடி உக்காந்து, இஷ்டப்படி வெட்டிக்குங்க. கிழக்கு மேற்கா வெட்டுங்க, வட்டமா வெட்டுங்க. ஆனா அன்னிக்கு ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பாத்து, ஊத்து உனக்கு, எனக்கு வேண்டாம்னு வாயால சொல்லணும். உங்க பிள்ளைங்களும் அதைக் கேக்கணும். ஓட்டைக் கேட்டுக்கோ, மரத்தைக் கேட்டுக்கோன்னு விட்டுட்டுப் போகக் கூடாது."

"அப்ப மரத்தைப் பிடுங்கிடலாமா?" என்றான் ஜில்பேர்.

"யாரு மரத்தைப் பிடுங்கச் சொன்னது? இந்தக் கோடு எதையும் பிரிக்கலன்னு குச்சி அடிச்ச பொண்ணு சொன்னா. கடலுக்கும் மலைக்கும் நடுவுல எதையும் பிரிக்காத ஒரு கோட்டை வாழ்க்கையில இப்பதான் பாக்கிறேன். அது நிக்கட்டும். அடியில இருக்கிறது வெளிய வரட்டும்." ஃபெர்னான் பக்கம் திரும்பினார். "ஓடு இல்லாம நட்டா செத்துப் போகுமா?"

"குழியில நட்டா சாகும். மண்ணை மேடா ஏத்தி, மேட்டு மேல நட்டா தண்ணி தானா வழிஞ்சிடும்."

"அதை முதல்லயே செஞ்சிருக்கலாம்."

"வேலை ஜாஸ்தி, ஃபோன்சின்."

"நாளைக்குக் காலையில எல்லாரும் மண்வெட்டியோட வாங்க. ஜோஸியான், நீ ராத்திரி இங்கயே தங்கு."

"எனக்கு நாளைக்கு ஆபீஸ் இருக்கு."

"போன் பண்ணி, அம்மாவுக்கு உடம்பு சரியில்லன்னு சொல்லு. ஓடில் சாட்சி."

"நான் அப்படிச் சொல்லமாட்டேன், மதாம் ஓப்ரன்."

"இடுப்பைப் பாத்துட்டுச் சொல்லு."

மறுநாள் காலையில் நான் போனபோது எல்லோரும் புல்வெளியில் இருந்தார்கள். முக்காலி இந்தத் தடவை கேட்டுப் பக்கத்தில். தொட்டியில் புதிய கரைசல். ஜோஸியான் தன் அம்மாவின் ரப்பர் பூட்ஸைப் போட்டுக்கொண்டு, ஜில்பேர் கிளப்பிக் கொடுத்த கன்றுகளைக் கொண்டுவந்து அம்மாவிடம் கொடுத்தாள். அல்ஃபோன்சின் வேரைக் கழுவி, பார்த்து, மறுபடி முக்கிக் கொடுத்தார். ஃபெர்னான் குழிகளை மூடி, மேடு ஏற்றினார், முனகிக்கொண்டே.

காட்டிலாகாப் பெண் அடித்த சிவப்புக் குச்சிகளைப் பார்த்து, கன்றுகளை அதே இடங்களில் வைத்தார்கள். கோடு ஒரு அடிகூட நகரவில்லை.

எடுத்த ஓடுகளை ஒரு தள்ளுவண்டியில் போட்டார்கள். ஜில்பேர் அவற்றைக் குவியலுக்கே கொண்டுபோக வண்டியைத் திருப்பினான்.

"அங்க வேண்டாம்" என்றார் அல்ஃபோன்சின். "கேட்டுப் பள்ளத்துல கொட்டு."

புல்வெளிக்கு ஒரே ஒரு கேட்தான். எல்லோரும், எல்லா மாடும், டிராக்டரும் அதன் வழியாகத்தான் போகவேண்டும். குளிர்காலம் முழுவதும் அங்கே சக்கரம் புதையும் அளவு சேறு. ஜில்பேர் ஓடுகளைக் கொட்டினான். ஃபெர்னான் சம்மட்டியைக் கொண்டுவந்தார். அது அவருடைய வேலை, அதில் முனகல் இல்லை. பொருந்தின துண்டு, பொருந்தாத துண்டு என்று பார்க்காமல் எல்லாவற்றையும் பொடிப்பொடியாக உடைத்துச் சேற்றுக்குள் இறக்கினார். குவியலில் இருந்த மீதி ஓடுகளையும் அல்ஃபோன்சின் கொண்டுவரச் சொன்னார்.

நான் அவருடைய கைகளைக் கழுவிவிட வாளியோடு காத்திருந்தேன். "இன்னும் கொஞ்சம்" என்றார். ஜில்பேர் டிராக்டரை எடுத்து, பள்ளத்தின் மேல் ஒருமுறை போய், ஒருமுறை பின்னால் வந்து, அழுத்தினான்.

"இப்ப உன் காரைக் கொண்டு வா" என்று அல்ஃபோன்சின் மகளிடம் சொன்னார்.

"அம்மா, அது டவுன் கார். மாட்டிக்கும்."

"மாட்டிக்கிட்டா உன் அண்ணன் இழுப்பான். கொண்டு வா."

ஜோஸியான் சேற்றுப் பூட்ஸைக் கழற்றாமலேயே காரில் ஏறினாள். கேட்டுக்குள் மெதுவாக நுழைந்து, ஓட்டுப்பொடியின் மேல் ஏறி, ஊற்றுவரை போய், கன்றுகளுக்கு நடுவே திருப்பிக்கொண்டு வெளியே வந்தாள். சக்கரம் புதையவில்லை.

அல்ஃபோன்சின் இரண்டு கைகளையும் என் வாளிக்குள் நீட்டினார்.